அக்ரஹாரத்தில் கழுதை: வீட்டில் பார்க்க எந்தப் பிரதி?

ஏற்காட்டிலும் தலைச்சோலையிலும் இருக்கும் நண்பர்கள் சிலர் ஒரு வீட்டு ஹாலில் கூடிப் படம் பார்ப்பது வழக்கம். மலையில் இருப்பவர்களுக்கு நல்ல சினிமா என்பது பெரும்பாலும் வீடு வந்து சேரும் பிரதிதான். ஜான் ஆபிரகாமின் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யைப் போடலாம் என்று பேச்சு எழுந்ததுமே, “எந்தப் பிரதியை?” என்று ஒருவர் கேட்டார். வேறு படமாக இருந்தால் உடனே பதில் சொல்லியிருக்கலாம். இந்தப் படத்துக்கு அப்படிச் சொல்ல முடியவில்லை. சென்சார், நெகட்டிவ், டிவிடி வியாபாரம், வெளிநாடுகளில் இதுபோன்ற படங்களுக்கு நேர்ந்தது என எல்லாவற்றையும் புரட்டிப் பார்த்த பிறகே ஒரு முடிவுக்கு வர முடிந்தது.

படத்தை அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1977இல் வந்த கறுப்பு வெள்ளைப் படம். திரைக்கதை வெங்கட் சாமிநாதன், ஒளிப்பதிவு ராமச்சந்திர பாபு. பேராசிரியர் நாராயணசாமியாக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன், இசையும் அவருடையதே. தாயைப் பறிகொடுத்த கழுதைக்குட்டி ஒன்றைப் பேராசிரியர் எடுத்து வளர்க்கிறார். கல்லூரியில் கேலி எழுகிறது. குட்டியைத் தம் ஊர் அக்ரஹாரத்துக்குக் கொண்டுபோய், பேச்சு வராத உமா என்ற பெண்ணின் பொறுப்பில் விடுகிறார். ஊரில் நடக்கும் ஒவ்வொரு தவறுக்கும் கழுதையின் மேல் பழி விழுகிறது. கடைசியில் அதை அடித்தே கொல்கிறார்கள். கொன்றபின் நல்லது நடப்பதாகத் தோன்ற, அதே கழுதைக்குக் கோயில் கட்டவும் துணிகிறார்கள். படம் தீயில் முடிகிறது. பிரெஞ்சு இயக்குநர் பிரெஸ்ஸோனின் ‘ஓ அசார் பல்தசார்’ (1966) தந்த தூண்டுதலில் பிறந்தாலும், கோபமும் எள்ளலும் முழுக்க இந்த மண்ணுக்குரியவை.

25ஆவது தேசிய விருதுகளில் சிறந்த தமிழ்ப்படமாகத் தேர்வான படம் இது. விருது கிடைத்ததே தவிர திரையரங்கு கிடைக்கவில்லை. 1989இல் தூர்தர்ஷன் இதை ஒளிபரப்ப முடிவு செய்தது. எதிர்ப்பு வந்ததும் நிறுத்திவிட்டது. ஜான் அதைப் பார்க்க உயிரோடு இல்லை. 1987 மே மாதத்தின் கடைசி நாளில் கோழிக்கோட்டில் ஒரு கட்டிடத்திலிருந்து விழுந்து இறந்துபோயிருந்தார். அவர் எடுத்த முழுநீளப் படங்கள் நான்கே நான்கு.

சர்ச்சைக்குரிய படம் என்றதும் நம் மனம் கத்தரிக்கோலைத்தான் நினைக்கிறது. எத்தனை நிமிடம் வெட்டினார்கள், வெட்டாத பிரதி எங்கே கிடைக்கும் என்று கேட்கிறோம். பல படங்களுக்கு அந்தக் கேள்வி சரியானதே. பட்டாபிராம ரெட்டியின் ‘சம்ஸ்காரா’ (1970) கன்னடப் படமானாலும் அதை முதலில் தடுத்தது சென்னை சென்சார் அலுவலகம். பிறகு அனுமதி பெற்று அந்த ஆண்டின் தேசிய விருதையே வாங்கியது. தீபா மேத்தாவின் ‘ஃபயர்’ (1996) இந்தியாவில் வெட்டில்லாமல் அனுமதி பெற்றது. ஆனால் இந்திப் பிரதியில் ‘சீதா’ என்ற பெயர் ‘நீதா’ ஆக வேண்டும் என்று நிபந்தனை விதித்தார்கள். அந்தப் படத்தை வீட்டில் பார்ப்பவர் ஆங்கில மூலத்தைத்தான் எடுக்க வேண்டும் என்பதற்கு அந்த ஒரு பெயரே போதும். ராதா, சீதா என்ற இரண்டு பெயர்களையும் எதிரெதிரே நிறுத்தித்தான் இயக்குநர் படத்தைக் கட்டியிருக்கிறார். ஒன்றை மாற்றினால் படமே வேறாகிவிடும். 1998 டிசம்பரில் மும்பையிலும் டெல்லியிலும் அரங்குகள் தாக்கப்பட்டபோதும் சண்டையில் அந்தப் பெயர்களும் இழுக்கப்பட்டன. தமிழில் லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ படத்துக்கு 2011இல் சென்னை அலுவலகம் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வெட்டில்லாமல் அனுமதித்தது. இந்த வழக்குகளில் எல்லாம் சண்டைக்கென்று ஒரு தேதி உண்டு, ஒரு தீர்ப்பு உண்டு. வெளியான பிரதி எது, தடுக்கப்பட்டது எது என்று எடுத்துச் சொல்லிவிடலாம்.

ஜானின் படத்துக்கு நேர்ந்தது வேறு. அதை யாரும் நறுக்கவில்லை, கைவிட்டுவிட்டார்கள். விநியோகஸ்தர் கைவிட்டார், தொலைக்காட்சி பின்வாங்கியது, தமிழ்ப் பத்திரிகைகளும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. டிவிடி வியாபாரம் கொடிகட்டிப் பறந்த 2000களில்கூட, பழைய எம்.ஜி.ஆர். படங்களுக்குப் பக்கத்தில் இதை அடுக்கி வைக்க எந்தக் கம்பெனிக்கும் ஆசை வரவில்லை. படத்துக்குக் கேடு செய்வதில் கத்தரியைவிடப் புறக்கணிப்பு வல்லது என்பேன். வெட்டிய துண்டு எங்காவது ஒரு டப்பாவில் கிடக்கக்கூடும். புறக்கணித்த படத்தில் எல்லாத் துண்டும் சேர்ந்தே மங்கிப் போகும்.

நேர் எதிரான நிலைமையைப் பார்க்க இத்தாலிக்குப் போக வேண்டும். பசோலினியின் ‘சாலோ’ (1975) எங்கள் ஹாலில் போடக்கூடிய படம் இல்லை. ஆனால் ஒரு படத்தின் பதிப்புகளை எப்படி ஆராய்வது என்று கற்றுக்கொள்ள அதைவிட நல்ல பாடம் கிடையாது. அமெரிக்காவின் கிரைட்டீரியன் நிறுவனம் 1998இல் அதை டிவிடியாகக் கொண்டுவந்தது. உரிமைச் சிக்கலால் விற்பனை சீக்கிரமே நின்றுபோக, அந்த டிஸ்க் சேகரிப்பாளர்கள் நூற்றுக்கணக்கான டாலர் கொடுத்துத் தேடும் பொருளானது. அதனால் அது சிறந்த பிரதி என்று அர்த்தமில்லை. படத் தரத்தில் பின்னால் வந்தவை எல்லாம் அதைத் தாண்டிவிட்டன. 2008இல் புதிய பதிப்பு வந்தது, 2011இல் ப்ளூரே. பிரிட்டனில் 2000ஆம் ஆண்டுதான் வெட்டில்லாமல் அனுமதித்தார்கள். அங்கே பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் வெளியிட்ட பதிப்பில், மற்ற பதிப்புகளில் இல்லாத, ஜெர்மன் கவிஞர் காட்ஃப்ரீட் பென்னின் கவிதையைச் சொல்லும் சிறு காட்சி இருந்தது. ஏறக்குறைய 25 விநாடிதான். அந்த 25 விநாடிக்காகவே டிஸ்க் வாங்கியவர்கள் உண்டு. அவர்கள் செய்தது சரி என்றே நினைக்கிறேன்.

ஆஸ்திரேலியாவில் நடந்தது இன்னும் முக்கியமானது. அங்கே ‘சாலோ’ 1976இல் தடை செய்யப்பட்டு, 1993இல் அனுமதி பெற்று, 1998இல் மறுபடி தடைக்குள்ளானது. 2010இல் டிவிடியாக அனுமதித்தபோது வாரியம் ஒரு காரணம் சொன்னது: படத்தோடு 176 நிமிடக் கூடுதல் பகுதிகள் இருக்கின்றன, படத்தை அதன் வரலாற்றுச் சூழலில் வைத்துப் புரிந்துகொள்ள அவை உதவுகின்றன. பேட்டியும் ஆவணப்படமும் சேர்ந்து ஒரு படத்துக்குத் தடையிலிருந்து விடுதலை வாங்கிக் கொடுத்தன! ‘எக்ஸ்ட்ராஸ்’ என்று நாம் தள்ளிவிடும் பகுதி, சர்ச்சைப் படத்தைப் பொறுத்தவரை படத்தின் பாதிப் பலம்.

இப்போது கழுதைக்கு வருகிறேன். இணையத்தில் சுற்றுகிற, பென் டிரைவில் கைமாறுகிற பிரதிகள்தான் நம்மிடம் இருக்கின்றன. எதிலிருந்து எடுத்தது, யார் எடுத்தது என்று எந்தப் பிரதியும் சொல்வதில்லை. என் முதல் அளவுகோல் அதுதான். ஃபிலிமிலிருந்து நேராக ஸ்கேன் செய்ததா, டேப்பிலிருந்து எடுத்ததா, டேப்பின் டேப்பின் டேப்பா? படத்தின் ஓரங்களைக் கவனித்தால் கொஞ்சம் தெரிந்துவிடும். திரையின் அடியில் கோடு கோடாக நடுங்கினால் வீடியோ டேப். வெள்ளையில் சிறு சிறு கறுப்புக் கீறலும் ரீல் மாறும் இடத்தில் வலது மேல்மூலையில் வட்டப் புள்ளியும் தெரிந்தால் எப்போதோ ஒரு பிரிண்ட் அதற்கு அடிப்படையாக இருந்திருக்கிறது. கீறல் உள்ள பிரதியையே நான் நம்புவேன். பளபளவென்று கீறலே இல்லாத பிரதியைப் பார்த்தால் சந்தேகம் வர வேண்டும்.

ஏனென்றால் இன்று கம்ப்யூட்டர் மென்பொருளைக் கொண்டு ‘ஹெச்டி’ ஆக்கிய பிரதிகள் எங்கும் உலவுகின்றன. அவை ஃபிலிமின் மணிகளைத் துடைத்து எறிந்துவிடுகின்றன. முகங்கள் மெழுகில் வார்த்ததுபோல வழவழப்பாகிவிடும். பொழுதுபோக்குப் படத்துக்கு அது சகிக்கலாம். இந்தப் படத்துக்கு அது கொலை. உமா பேசுவதில்லை. அவளுக்கு நடப்பதை எல்லாம் அவள் முகமும் உடம்பின் அசைவும்தான் நமக்குச் சொல்கின்றன. பேசும் பாத்திரத்தின் படம் கெட்டால் வசனமாவது மிஞ்சும். பேசாதவளின் முகத்திலிருந்து சாம்பல் நிறத்தின் படிகளைத் துடைத்துவிட்டால் என்ன மிஞ்சும்? ராமச்சந்திர பாபு 2019இல் மறைந்தார். அவர் ஒளியமைத்த விதத்தை இனி அவரிடம் கேட்டுச் சரிபார்க்க முடியாது. பிரதியில் எஞ்சியிருப்பதையாவது மென்பொருள் தின்னாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்தது படச் சட்டத்தின் வடிவம். நம் ஊர் வீடியோக் கம்பெனிகளும் இணையத்தில் ஏற்றுபவர்களும் பழைய சதுரச் சட்டத்தை அகல டிவிக்காக இழுத்துவிடுவார்கள், அல்லது மேலும் கீழும் வெட்டுவார்கள். இழுத்ததைக் கண்டுபிடிப்பது எளிது: வட்டமான பாத்திரமோ வண்டிச் சக்கரமோ நீள்வட்டமாகத் தெரியும். அப்படித் தெரிந்தால் டிவி ரிமோட்டில் 4:3 என்று மாற்றிக்கொண்டாலே போதும், படம் சரியாகிவிடும். மேலும் கீழும் வெட்டிய பிரதியை அப்படிச் சரிசெய்ய முடியாது, ஒதுக்கிவிடுங்கள்.

படத்தின் நீளத்தைப் பார்த்ததும் பலர் பதறிப்போகிறார்கள். ஒரு பிரதியைவிட இன்னொன்று மூன்று, நான்கு நிமிடம் குறைவாக இருந்தால் யாரோ வெட்டிவிட்டார்கள் என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். பல சமயம் அது வெட்டே இல்லை. ஃபிலிம் விநாடிக்கு 24 சட்டம் ஓடும். இந்தியத் தொலைக்காட்சியும் வீடியோவும் பின்பற்றிய பால் (PAL) முறையில் 25 சட்டம். ஃபிலிமை அப்படியே அதில் ஏற்றினால் நூறு நிமிடப் படம் 96 நிமிடத்தில் முடிந்துவிடும். குரலும் இசையும் ஒரு நூல் மேலேறி ஒலிக்கும். ஆகவே கடிகாரத்தை மட்டும் வைத்து நேர்மையான பிரதியை நிராகரிக்கக் கூடாது. காட்சிகளை ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். குறிப்பாக, உமாவுக்கு இறந்து பிறந்த குழந்தையின் சடலம் கோயில் வாசலில் கிடக்கும் பகுதி, கழுதை கொல்லப்படும் பகுதி, இறுதித் தீ. எதிர்ப்பாளருக்குப் பயந்து யாராவது கைவைத்திருந்தால் இந்த மூன்று இடங்களில்தான் வைத்திருப்பார்கள். ஒப்பிட ஒரு துணையும் உண்டு: வெங்கட் சாமிநாதனின் திரைக்கதை நூலாக வந்திருக்கிறது. எழுதியதை எல்லாம் ஜான் அப்படியே எடுத்திருப்பார் என்று எதிர்பார்க்க வேண்டாம், அவர் அப்படிப்பட்ட இயக்குநரும் இல்லை. ஆனாலும் காட்சி வரிசையை அறிய அந்தப் புத்தகம் உதவும்.

ஒலியைப் பற்றித் தமிழ் ரசிகர்கள் அதிகம் பேசுவதில்லை, பேச வேண்டும். எம்.பி. சீனிவாசன் சேர்ந்திசையில் தோய்ந்த கலைஞர். இசையை எங்கே கொடுப்பது என்பதோடு எங்கே நிறுத்துவது என்பதையும் அறிந்தவர். மௌனம் வர வேண்டிய இடத்தில் டேப்பின் இரைச்சல் வந்தால் மௌனம் போச்சு. இரைச்சலை நீக்கப் போய்க் குரலின் உயிரையும் நீக்கிவிட்ட பிரதிகள் அதைவிட மோசம். இரண்டில் ஒன்றைத்தான் எடுக்க முடியும் என்றால் இரைச்சல் உள்ளதை எடுங்கள். நல்ல ஹெட்போனில் காது பழகிக்கொள்ளும்.

சப்டைட்டில் வெளியே தனிக் கோப்பாக இருந்தால் நல்லது. படத்தின் மேலேயே பதித்துவிட்ட ஆங்கில எழுத்து, தமிழில் பார்ப்பவரின் கண்ணை ஒவ்வொரு வசனத்துக்கும் கீழே இழுத்துக்கொண்டே இருக்கும்.

இவ்வளவையும் அலசிவிட்டு உண்மையைச் சொல்ல வேண்டுமென்றால், இந்த அளவுகோல்கள் எல்லாவற்றிலும் தேறும் பிரதி ஒன்றும் என் கைக்கு இதுவரை வரவில்லை. அது இயலாத காரியம் அல்ல என்பதுதான் வேதனை. ‘கழுதை’க்குச் சிறந்த தமிழ்ப்பட விருது கிடைத்த அதே ஆண்டு, நாட்டின் சிறந்த படமாகத் தேர்வானது கிரீஷ் காசரவள்ளியின் ‘கடஸ்ராத்த’. அதுவும் பிராமணச் சமூகத்தின் கொடுமையைச் சொல்லும் கறுப்பு வெள்ளைப் படம். அதிலும் கர்ப்பமான ஒரு பெண்ணின் மேல் ஊர் பாய்கிறது. அது புனேவில் உள்ள தேசியக் காப்பகத்தின் நெகட்டிவிலிருந்து சீரமைக்கப்பட்டு 2024இல் வெனிஸ் விழாவில் திரையிடப்பட்டது. அரவிந்தனின் ‘கும்மாட்டி’ 2021இலும், ‘தம்பு’ 2022இல் கான் விழாவிலும் புதுப்பொலிவோடு வந்தன. அவை இரண்டுக்கும் மூல நெகட்டிவ் கிடைக்கவில்லை, காப்பகத்தில் இருந்த பிரிண்டுகளை வைத்தே வேலை நடந்தது. ஒரு நல்ல பிரிண்ட் இருந்தால் போதும் என்பதற்கு இவை சான்று. ஷிவேந்திர சிங் துங்கர்பூரின் ஃபிலிம் ஹெரிட்டேஜ் ஃபவுண்டேஷன் இந்த மூன்றிலும் பங்கெடுத்தது. மும்பை அமைப்பு கன்னடத்தையும் மலையாளத்தையும் மீட்கும்போது, தமிழில் வந்த முக்கியமான படத்துக்காகத் தமிழர்கள் குரல் கொடுக்க வேண்டாமா?

தமிழ்நாட்டில் இது ஒரு படத்தோடு நிற்கும் நோய் அல்ல. பாலு மகேந்திரா தம் ‘வீடு’ படத்தின் நெகட்டிவ் இப்போது இல்லை என்று வருந்தி, தமிழ்ப் படங்களுக்குத் தனிக் காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். 2014இல் மறைந்தார். எங்கள் மலையடிவாரத்திலேயே ஒரு சான்று உண்டு. ஏற்காடு சாலையில் டி.ஆர். சுந்தரம் நடத்திய மாடர்ன் தியேட்டர்ஸ் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களைத் தந்தது. மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938) அங்கேதான் உருவானது. அதன் பிரிண்ட் இன்று எங்கும் இல்லை. ஸ்டுடியோவின் நுழைவு வளைவு மட்டும் மிஞ்சியிருக்கிறது, பஸ்ஸில் ஏற்காடு போகிறவர்கள் பார்க்கலாம். அசிடேட் ஃபிலிம் வெப்பத்திலும் ஈரத்திலும் புளித்து, காடி வாடை அடித்து, சுருண்டு போகும். சேலத்து வெயிலில் அது எவ்வளவு சீக்கிரம் நடக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

மலைமேல் வெயில் இல்லை, ஈரம் இருக்கிறது. சுமார் 1,500 மீட்டர் உயரத்தில், மூடுபனி ஜன்னல் வழியே உள்ளே வரும் வீடுகளில் டிவிடியின் மேல் பூஞ்சை பிடிப்பது சகஜம். டேப் என்றால் இன்னும் வேகம். டிஸ்க் வைத்திருப்பவர்கள் காற்றுப் புகாத டப்பாவில், சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு, நிமிர்த்தி வையுங்கள். கோப்பாக வைத்திருந்தால் இரண்டு ஹார்ட் டிஸ்க்கில், ஒன்று வேறு வீட்டில் இருக்கட்டும்.

கூட்டமாகப் பார்ப்பதானால் உரிமையாளரைத் தேடி அனுமதி கேளுங்கள். தேடும் முயற்சியே இந்தப் படத்துக்கு ஒரு சேவை. படத்தைப் போடும்முன் கால் மணி நேரம் ஜானைப் பற்றிப் பேசுங்கள். அவர் ‘ஒடெஸ்ஸா’ என்ற மக்கள் திரை அமைப்பின் நண்பர்களோடு புரொஜெக்டரைத் தூக்கிக்கொண்டு கேரளக் கிராமங்களில் படம் காட்டி, மக்களிடம் காசு திரட்டி ‘அம்ம அறியான்’ (1986) எடுத்தவர் என்பதைச் சொல்லுங்கள். படம் முடிந்தபின், இது ஒரு சமூகத்தைக் காயப்படுத்துகிறது என்று நினைப்பவருக்கும் நேரம் கொடுங்கள். ஆஸ்திரேலிய வாரியம் 176 நிமிடத்தில் கண்டதை நாம் ஒரு மாலையில் செய்துகொள்ள முடியும். அக்ரஹாரத்தை உள்ளிருந்தே அறிந்தவர்கள் இதன் உருவாக்கத்தில் இருந்தார்கள் என்பதை எதிர்ப்பவரும் அறிவது நல்லது. எதற்காகவும் இறுதித் தீயை நிறுத்திவிடாதீர்கள். பாதியில் அணைத்தால் அது 1989இன் வேலையை நாமே செய்வதாகும்.

ஆகவே இன்றைக்கு என் தேர்வு இது: இழுக்காத, மென்பொருள் தொடாத, கீறலும் இரைச்சலும் உள்ள, மேற்சொன்ன மூன்று காட்சிகளும் முழுதாக இருக்கும் பிரதி. அதோடு வெங்கட் சாமிநாதனின் திரைக்கதைப் புத்தகமும் பக்கத்தில் இருக்க வேண்டும். இது தற்காலிக ஏற்பாடுதான். பழைய ஃபிலிம் சொசைட்டி நடத்தியவர்கள், அவர்களின் பிள்ளைகள், லேப்களில் வேலை பார்த்தவர்கள், தொலைக்காட்சி நிலையங்களில் டேப் அறையைக் கவனித்தவர்கள் யாராவது இதைப் படித்தால் ஒரு வேண்டுகோள்: உங்கள் பரண், அலமாரி, கிடங்கு எதிலாவது இந்தப் படத்தின் 35 எம்.எம். அல்லது 16 எம்.எம். பிரிண்டோ, ஒரு ரீலோ, பழைய டேப்போ இருந்தால் தயவுசெய்து நீங்களாகச் சுத்தம் செய்யவோ ஓட்டிப் பார்க்கவோ முயலாதீர்கள். டப்பாவை அப்படியே வைத்துவிட்டு, புனேவில் உள்ள தேசியத் திரைப்படக் காப்பகத்துக்குத் தெரியப்படுத்துங்கள்.